அம்மாவின் பெயர் என்ன?

கடலுக்குப் போன ஜெஃப்ரினை இரண்டு நாளாகக் காணவில்லை. அவன் போனுக்குக் கடைசியாகச் சிக்னல் கிடைத்த இடம் தெரிந்தால் போதும், தேடும் வள்ளங்கள் அங்கே பாயும். அவனுடைய போன் கணக்கைத் திறக்க, கம்ப்யூட்டர் சென்டர் லட்சுமிப்ரியாவின் கையைப் பிடித்துக் கெஞ்சினாள் அவன் வீட்டிலிருந்து ஓடிவந்தவள்.

"போன மாசம்தான் செக்யூரிட்டி கேள்விய மாத்தியிருக்காரு. அம்மா பேரு என்னன்னு கேக்குது."

"சகாயசெல்வி."

தவறு என்றது திரை.

"ஞானஸ்நானப் பேரு அந்தோணியம்மா. அத அடி மக்கா!"

அதுவும் தவறு.

"இன்னும் ஒரு தடவைதான். ஒங்கள வேற பேரு சொல்லிக் கூப்பிடுவாவளா?"

"என்னையா? எனக்க பேரு ஷிபா."

அவள் தடுப்பதற்குள் லட்சுமிப்ரியா அதை அடித்துவிட்டாள். கணக்கு திறந்தது.

சகாயசெல்வி செத்தபின் அந்த வீட்டுக்கு வந்த ஷிபாவை, ஜெஃப்ரின் பத்து வருடத்தில் ஒரு நாளும் சித்தி என்றுகூடக் கூப்பிட்டதில்லை.