மூன்றாவது கூப்பாடு

நீதிமன்றக் கூரையில் மின்விசிறி சுற்றுகிறது. காற்று கீழே வரவில்லை. யன்னலுக்கு வெளியே துறைமுகத்தில் ஒரு கப்பல் நீளமாக ஊதுகிறது. முன்வரிசை வாங்கில் வங்கி அதிகாரியின் மடியில் ஒரு புதுப் பூட்டு, இன்னும் பெட்டிக்குள். இன்று தடையுத்தரவு நீங்கினால் பின்னேரமே அது எங்கள் கதவில் தொங்கும். வீடு மாமி தன் மகளுக்குக் கொடுத்த சீதனம். அதை ஈடு வைத்துத் தையற்கடை போட்டவள் அந்த மகள், என் மனைவி தர்மினி. தவணை தவறி வங்கி வீட்டை எடுக்க வந்தபோது வழக்குப் போட்டுத் தடையுத்தரவு வாங்கியவளும் அவள்தான். போன மாதம் டெங்குக் காய்ச்சலில் போய்விட்டாள். வழக்கு இன்னும் அவள் பெயரில் நிற்கிறது. “பேரைக் கூப்பிட்டதும் எழும்பி, மோசம் போயிட்டா எண்டு சொல்லுங்கோ தம்பி. வழக்கை உங்கட பேருக்கு மாத்தக் கேக்கலாம்,” என்கிறார் எங்கள் சட்டத்தரணி. “பேசாமல் இருந்தா வீடு போச்சு.” “ஓம் சேர்.” சாவைச் சொல்லும் அந்தச் சொல்லை நான் இன்னும் ஒருவரிடமும் சொன்னதில்லை. வங்கி அதிகாரி பக்கத்தில் இருப்பவரிடம் சிரிக்கிறார். “வீட்டுக்காரி ஒளிச்சிட்டா போல. மாப்பிள்ளைதான் வந்திருக்கிறார்.” சேவகர் கூப்பிடுகிறார்: “தர்மினி இராகுலன்!” நான் அந்தப் பூட்டுப் பெட்டியைப் பார்க்கிறேன். “தர்மினி இராகுலன்!” நான் எழும்பவில்லை. மூன்றாவது முறை அவள் பெயர் சுவரில் பட்டுத் திரும்புகிறது. வாசல் படலையில் யாரும் கூப்பிட்டால் குசினிக்குள் இருந்து பதில் கொடுக்கும் அதே குரலில், பக்கத்தில் இருந்த மாமி சொல்கிறார்: “உள்ளுக்கு நிக்கிறா, வாறா.” நீதிபதி பேனையை வைத்துவிட்டு வாசலைப் பார்க்கிறார். வங்கி அதிகாரியும் பார்க்கிறார். நானும் திரும்பிப் பார்க்கிறேன்.