கல் வைத்திருப்பவர் பேசலாம்

"இன்னொரு வாட்டி சொல்லு, குமரவேல். முதல்லேருந்து."

"அக்கா, அன்னிக்கு இன்னா ஆச்சுன்னா..."

"கதை வேணாம்னு எத்தன வாட்டி சொல்றது? 'நான்தான் ஓட்டுனேன். என்னாலதான் உங்க புள்ள செத்தாரு.' அவ்ளோதான். அதுக்கு மேல நீ எது பேசினாலும் அந்தம்மாவுக்கு சாக்கு மாதிரிதான் கேக்கும்."

குமரவேல் தலையைக் குனிந்துகொண்டு சொன்னான். இந்தத் தடவை குரல் நன்றாகவே நடுங்கியது. அர்ச்சனாவுக்குத் திருப்தி.

இருக்காதா பின்னே? வழக்கு கோர்ட்டில் அது பாட்டுக்கு இழுத்துக்கொண்டு கிடக்கிறது. அர்ச்சனாவின் வேலை அதுவல்ல. தப்புச் செய்தவனையும் பறிகொடுத்தவரையும் எதிரெதிரே உட்காரவைத்துப் பேசவைப்பாள். முடிந்தால் இரண்டு பேர் மனப்பாரத்தையும் இறக்கிவைப்பாள். இதற்காகவே பாண்டிச்சேரியிலிருந்து ஊர் ஊராக ஸ்கூட்டியில் அலைகிறாள். செய்தவன் வாயிலிருந்து 'நான்தான்' என்று வராமல் யாரையும் உட்காரவைக்க மாட்டாள். அதில் மட்டும் ரொம்பக் கறார்.

குமரவேல், உலகநாதன் பண்ணையில் வேலைக்கு நிற்பவன். காலையில் அவனைப் பாகூர் சமுதாயக் கூடத்துக்கு டிராக்டரில் கூட்டிவந்தவன் முதலாளி மகன் ராஜேஷ்குமார். ஸ்டீரிங்கில் ராஜேஷ்குமார், மட்கார்டில் ஒண்டிக்கொண்டு குமரவேல்.

"அந்த ஆக்சிடென்ட்லேருந்து இவன் ஸ்டீரிங்கத் தொடறதே இல்ல மேடம்," என்று இறங்கும்போதே சொல்லிவிட்டான் ராஜேஷ்குமார். பாவம், எவ்வளவு உறுத்தல் இருந்தால் இப்படி இருப்பான் என்று அர்ச்சனாவுக்கு மனசு இளகிவிட்டது.

தையலம்மாள் கிருமாம்பாக்கத்திலிருந்து பஸ் பிடித்து வந்தாள். ஒரே மகன் தமிழ்க்குமரன். ஏரிக்கரை ரோட்டில் பைக்கில் வந்தவன், உலகநாதன் பண்ணையின் கரும்பு டிராக்டரில் அடிபட்டுச் செத்து வருஷம் திரும்பிவிட்டது. அவளுக்கு நஷ்ட ஈட்டைப் பற்றியும் பேச்சில்லை, ஜெயிலைப் பற்றியும் பேச்சில்லை. ஒரே ஒரு கேள்வி கேட்க வேண்டும், அவ்வளவுதான்.

நாற்காலிகள் வட்டமாகப் போட்டிருந்தன. எல்லாரும் உட்கார்ந்ததும் அர்ச்சனா உள்ளங்கை அளவு கல் ஒன்றை எடுத்துக் காட்டினாள்.

"இது யார் கையில இருக்கோ அவங்கதான் பேசணும். அவங்க முடிக்கிற வரைக்கும் மத்தவங்க வாயே தொறக்கக் கூடாது."

கல் முதலில் குமரவேலிடம் போனது. சொல்லிக்கொடுத்ததை ஒரு சொல் பிசகாமல் சொன்னான். அடுத்து தையலம்மாள் வாங்கிக்கொண்டாள்.

"எனக்கு வேற ஒண்ணும் வேணாம்பா. நீதான் கிட்டக்க இருந்தவன். எம்புள்ள கடைசியா எதுனா சொன்னானா?"

கல் திரும்ப அவன் கைக்கு வந்தது. குமரவேல் ராஜேஷ்குமாரைப் பார்த்தான். ராஜேஷ்குமார் செல்போனைப் பார்த்துக்கொண்டிருந்தான். அர்ச்சனா, 'சொல்லு, சொல்லு' என்று கண்ணாலேயே தைரியம் கொடுத்தாள்.

"அம்மான்னு கூப்ட்டாரு," என்றான் குமரவேல்.

ஐயோ, அந்தப் பெற்ற வயிறு அழுத அழுகை! முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதாள். ஓய்ந்ததும் எழுந்துபோய் அவன் கையைக் கல்லோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள்.

"என்னத்தான் கூப்ட்டானா? போதும்பா. அநாதையாட்டம் போயிட்டானோன்னு நெனச்சி நெனச்சி ராத்தூக்கம் இல்லாம கெடந்தேன். உம்மேல எனக்கு ஒண்ணும் இல்ல. நீ நல்லா இரு."

அர்ச்சனா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். இந்த ஒரு நிமிஷத்துக்காகத்தானே இத்தனை அலைச்சல்!

முடித்துக்கொள்ளலாம் என்று அவள் எழுந்தபோது தையலம்மாள் வாசலைக் காட்டினாள். அங்கே டிராக்டர் நின்றது.

"அதுல என்ன வூட்டாண்ட வுட்டுடுப்பா. டிராக்டர் சத்தம் கேட்டாலே காத பொத்திக்கினு உள்ள ஓடிடுவேன். எத்தினி நாளுக்கு அப்பிடியே இருக்கறது? நீ ஓட்டு, நான் ஏறி வரேன். உனக்கும் பயம் வுட்டுப் போவட்டும், எனக்கும் போவட்டும்."

அர்ச்சனாவுக்குப் புல்லரித்துவிட்டது. எந்தப் பயிற்சி வகுப்பிலும் இதைச் சொல்லிக்கொடுக்கவில்லையே!

ராஜேஷ்குமார் துள்ளி எழுந்தான். "நான் ஓட்டறேன் மேடம். அவன்தான் தொடறதே இல்லன்னு சொன்னேன்ல?"

"உக்காருங்க ராஜேஷ். கல் அவன் கையில இருக்கு. என்ன பண்ணணும்னு அவனே சொல்லட்டும். நீங்க சாவியக் குடுங்க."

ராஜேஷ்குமாருக்குக் கொடுக்கக் கை வரவில்லை. அர்ச்சனாவே சாவியை வாங்கி குமரவேலிடம் கொடுத்தாள்.

ஒரு கையில் கல், ஒரு கையில் சாவி. குமரவேல் இரண்டையும் மாறி மாறிப் பார்த்தான். இந்த முறை யாரும் குறுக்கே பேசவில்லை. தையலம்மாள் செருப்பை மாட்டிக்கொண்டு, பெற்ற மகனைப் பார்ப்பதுபோல அவன் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

"எனக்கு டிராக்டர் ஓட்டத் தெரியாதுக்கா."