கைராசிக் கம்ப்யூட்டர்

"ஏம்மா, ராகு காலம் பொறக்கறதுக்குள்ள ஆவுமா, ஆவாதா? ஒண்ணு சொல்லிடு!"

கண்ணையன் பத்தாவது தடவையாக வாசலுக்குப் போய்விட்டுத் திரும்பினார். மணி பதினொன்றரை. புதன்கிழமை, பன்னிரண்டு அடித்தால் ராகு காலம். மாப்பிள்ளை வீட்டார் திண்டிவனம் பஸ் ஸ்டாண்டு எதிரே டீக்கடையில் உட்கார்ந்திருந்தார்கள். அதற்குள் பொருத்தத் தாள் கைக்கு வராவிட்டால், மயிலத்தில் வேறு பெண் பார்க்கப் போய்விடுவார்கள்.

ஆனந்தராஜின் கம்ப்யூட்டர் ஜாதக நிலையத்தில் பொருத்தம் பார்த்தால் கட்டாயம் சேரும், கைராசிக் கடை என்று ஒலக்கூர் வட்டாரம் முழுக்கப் பேச்சு. வேறு இடங்களில் பதினோரு வரன் தட்டிப்போன மகள் கிருஷ்ணவேணியைக் கண்ணையன் இங்கே கூட்டிவந்ததும் அந்த நம்பிக்கையில்தான். வந்த நேரம், கைராசிக் கம்ப்யூட்டரே படுத்துவிட்டது. ஏதோ ஒரு டிஎல்எல் ஃபைலைக் காணவில்லை என்று திரையில் ஒரே பிடிவாதம்.

அதன் முன்னால் கலைப்பிரியா உட்கார்ந்திருந்தாள். கல்யாணத்துக்கு முன் இதே கடையில் ஜாதகம் டைப் அடித்தவள். இப்போது விழுப்புரத்தில் சொந்தமாக சர்வீஸ் கடை. காலையில் ஆனந்தராஜ் போன் செய்ததும், "சாஃப்ட்வேர் கம்பெனிக்காரங்களக் கூப்புடாதீங்கண்ணா, யாரும் எதையும் தொடாதீங்க, நான் வந்துகினே இருக்கேன்" என்று அடுத்த பஸ்ஸைப் பிடித்திருந்தாள்.

"அது என்னாம்மா டிஎல்எல்லு? அது இல்லன்னா ஓடாதா?"

"உங்க கொல்லையில மோட்டார் இருக்குங்களா?"

"இருக்குது. அஞ்சு எச்பி."

"ஸ்விட்சு கொட்டாயில இருக்கும், மோட்டாரு கெணத்துல இருக்கும். தண்ணி எறைக்கிறது எது?"

"மோட்டாருதான்."

"இதுவும் அப்படித்தாங்க. நீங்க பாக்கற ஸ்கிரீனு வெறும் ஸ்விட்சு. பொருத்தம் கணக்குப் போடறது உள்ள தனியா இருக்கற டிஎல்எல் ஃபைலு. ஸ்கிரீனு கேக்கும், அது பதில் சொல்லும்."

"அப்ப எவனோ மோட்டாரைக் கழட்டிக்கினு போய்ட்டான்!"

ஆனந்தராஜ் தலையைச் சொறிந்தார். "நேத்து புதுசா ஆன்டிவைரஸ் போட்டேன் கலை. அது தின்னுடுச்சா?"

"தின்னல. புடிச்சு தனியா அடைச்சு வெச்சிருக்கு." கலைப்பிரியா திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "இருங்க, பென் டிரைவ்ல கம்பெனி ஃபைலே கொண்டாந்திருக்கேன். அதையே போட்டுடறேன்."

"வேற ஃபைலு போட்டா சாஃப்ட்வேரு ஒத்துக்குமா?"

"பேர் அதேயா இருந்து, கேட்ட கேள்விக்கு அதே மாதிரி பதில் சொன்னா போதும்ணா. உள்ள இருக்கறது யாருன்னு அது பாக்காது."

கண்ணையன் மறுபடி வாசலுக்கு ஓடினார். அந்த நேரம் பார்த்துக் கிருஷ்ணவேணி நாற்காலியை இழுத்துப் போட்டு அருகில் வந்தாள். முப்பத்தொரு வயது. கைக்குட்டையைக் கசக்கிக் கசக்கிக் கந்தலாக்கி வைத்திருந்தாள்.

"அக்கா, சீக்கிரம் பாருங்கக்கா."

"பாத்துகினுதான் இருக்கேன்."

"எனக்கு அவரப் புடிச்சிருக்குக்கா. அவருக்கும் என்னைப் புடிச்சிருக்கு. பேப்பர்ல மட்டும் வந்துட்டா போதும்."

கலைப்பிரியா அவளை ஒரு கணம் பார்த்தாள். பென் டிரைவைச் செருகினாள்.

பதினொன்று நாற்பத்தைந்துக்குத் திரை உயிர் பெற்றது. ஆனந்தராஜ் சாமி படத்தைப் பார்த்துக் கும்பிட்டார். கலைப்பிரியாவே இரண்டு ஜாதகத்தையும் டைப் அடித்தாள். கிருஷ்ணவேணி, மகம். அறிவுச்செல்வன், ரேவதி. பட்டனைத் தட்டினாள். பார்த்தாள். உடனே மானிட்டரைத் தன் பக்கமாகத் திருப்பிக்கொண்டாள்.

"என்னாம்மா, என்னா வந்துச்சு?" கண்ணையன் எட்டிப் பார்த்தார்.

"இன்னும் வரலைங்க. சரியா உக்காரல. ஒரு தபா ஆஃப் பண்ணிப் போடணும்."

"ஐயோ! மணி பதினொண்ணு அம்பதும்மா! அங்க மாப்பிள்ளை வீட்டுக்காரரு வண்டியில ஏறிக் குந்திகினாரு!"

"ரெண்டே நிமிஷம். நீங்க நடந்தா எனக்குக் கை ஓடலைங்க, கொஞ்சம் குந்துங்க."

அவர் குந்தவில்லை. மீண்டும் வாசல், மீண்டும் உள்ளே. கிருஷ்ணவேணி கண்ணை மூடிக்கொண்டாள். கலைப்பிரியாவின் விரல்கள் விறுவிறுவென்று எதையோ நகர்த்தின, எதையோ அழித்தன. நெற்றியில் வேர்வை. பதினொன்று ஐம்பத்தாறுக்குப் பிரிண்டர் முனகத் தொடங்கியது.

"பத்துக்கு எட்டு!" ஆனந்தராஜ் தாளை உயர்த்திப் பிடித்துக் கத்தினார்.

கண்ணையனுக்குக் கண் கலங்கிவிட்டது. மாப்பிள்ளை வீட்டுக்கென்று கொண்டுவந்த மல்லாட்டைக் கடலைப் பையைக் கலைப்பிரியாவின் மடியில் போட்டுவிட்டு, தாளோடு சாலையைக் கடந்து ஓடினார். கிருஷ்ணவேணி அவள் கையைப் பிடித்து அழுத்திவிட்டு அப்பாவின் பின்னால் ஓடினாள்.

"பாத்தியா கலை, ஃபைலு மாறினாலும் நம்ம கைராசி மாறல!" என்று மீசையைத் தடவினார் ஆனந்தராஜ்.

"ஆமாண்ணா. அந்த ஆன்டிவைரஸை மட்டும் இந்த ஃபோல்டர்ல கைவெக்க வேணாம்னு சொல்லி வெச்சிருக்கேன். நீங்க மாத்திடாதீங்க."

விழுப்புரம் பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் கிடைத்ததும் கணவன் தென்னரசுவுக்குப் போன் போட்டாள்.

"என்ன கலை, கம்பெனி ஃபைலைப் போட்டுட்டியா? இனிமே நம்ம தலைக்கு மேல கத்தி இல்லையே?"

"போட்டுத்தான் பாத்தேன். அந்தப் பொண்ணுக்குப் பத்துக்கு மூணு காட்டிச்சு."

"அப்புறம்?"

"அப்புறம் என்னா, எட்டு வருஷத்துக்கு முன்னாடி நமக்கும் மூணுதானே காட்டிச்சு? அன்னைக்கு எங்கப்பாவ ஏமாத்த, யாருக்குப் பாத்தாலும் சேரும்னே காட்டற மாதிரி நீங்க எழுதிக் குடுத்த ஃபைலையே திரும்ப மாட்டிட்டு வந்துட்டேன்."