வீட்டுக்கு ஐந்து

அன்று சாயங்காலம் தையல்காரம்மாவின் ஆட்டுப்பட்டி முன்னால் நின்றவர்கள் ஐந்து பேர்: மேய்ச்சல் சங்கத் தலைவர், பஸ் டிரைவர், பேக்கரிக்காரர், மேய்ச்சல் நிலத்தின் சாவி இடுப்பில் தொங்குவதால் சாவிக்காரர் என்றே பெயராகிப் போனவர், அப்புறம் தையல்காரம்மா. பட்டிக்குள் நின்ற ஆடுகள் பதினொன்று.

அந்தப் பதினொன்றுதான் பிரச்சினை.

தெருவில் ஆடு வைத்திருப்பது இந்த ஐந்து வீடுகள்தான். மேய இருப்பது ஒரே நிலம். மழை ஏமாற்றிவிட்டது. இருக்கிற புல்லும் வேரோடு போய்விடுமோ என்று பயந்து நிலத்தைப் பூட்டி ஓய்வு கொடுத்திருந்தார்கள். நாளைக் காலை திறப்பு. ஆனால் வீட்டுக்கு ஐந்து ஆடுகள்தான். ஒன்று கூடினாலும், அடுத்த மழை வரை அந்த வீட்டு ஆடு ஒன்றுகூட உள்ளே போக முடியாது. இந்த விதியைப் போட வைத்தவர் சாவிக்காரர்.

மற்ற நான்கு வீடுகளையும் எண்ணியாகிவிட்டது. அச்சடித்த மாதிரி ஐந்து, ஐந்து.

"ஏம்மா, உங்ககிட்ட மூணுதானே இருந்துச்சு?" என்றார் சாவிக்காரர்.

"ஆமாண்ணே."

"இப்ப பதினொண்ணு நிக்குது. எப்படி?"

தையல்காரம்மா கழுத்தில் கிடந்த அளவு நாடாவைச் சுருட்டினாள், பிரித்தாள், மறுபடி சுருட்டினாள்.

"ரெண்டு கூட இருந்தா நான் வாயே திறக்க மாட்டேன்" என்றார் பஸ் டிரைவர். "அஞ்சுக்குள்ள அடங்கிடும். எட்டு கூட வெச்சிருக்கியே, இவ்வளவு ஆசை ஆகாது தங்கச்சி."

"அதானே. ரெண்டுன்னா நியாயம்" என்றார் பேக்கரிக்காரர். ஏமாந்து போனவர் குரல் அது.

"நாங்கள்லாம் மனசைக் கல்லாக்கிக்கிட்டு ஆட்டை வித்துட்டு நிக்கிறோம்" என்று தலைவர் ஆரம்பித்தார். "நீ என்னடான்னா வாங்கிக் குவிச்சிருக்கே."

"நான் வாங்கலைண்ணே."

"பின்னே, வானத்துல இருந்து குதிச்சுதா?"

"என்னை நிறுத்திட்டீங்கன்னா என்னோட மூணையும் வித்துட வேண்டியதுதான். தீனி வாங்கிப் போட என்னால முடியாது. தைக்கிறது வாடகைக்கே சரியாப் போகுது. பொண்ணு படிக்கிறதே குட்டி வித்துத்தான்."

சாவிக்காரர் இளகவில்லை. "அதை முன்னாடியே யோசிச்சிருக்கணும். விதின்னா விதி."

தையல்காரம்மா நிமிர்ந்தாள். யார் முகத்தையும் பார்க்கவில்லை.

"யாரோடதுன்னு சொல்ல மாட்டேன்னு நான் வாக்கு குடுத்திருக்கேன். ஆடு குடுக்கலை. பட்டியைத் திறந்து விடுங்க. பொழுது சாயற நேரம், அதது அதது வீட்டுக்குப் போயிடும்."



பஸ் டிரைவர் கடிகாரத்தைப் பார்த்தார். "இருட்டப் போகுது. காலையில பேசிக்கலாமே."

"பாவம், ஒத்தையில கஷ்டப்படற பொம்பளை" என்றார் பேக்கரிக்காரர்.

"சங்கம்னா அனுசரிச்சுத்தான் போகணும்" என்றார் தலைவர். "இந்த ஒரு தடவை கண்டுக்காம விட்டுடலாம்."

சாவிக்காரருக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "என்னய்யா, திடீர்னு எல்லாருக்கும் இரக்கம் பொங்குது? யாரோட ஆடா இருந்தா என்ன? இன்னிக்கே தெரிஞ்சாகணும்!"

படலை அவரே இழுத்துத் திறந்தார்.

இரண்டு ஆடுகள் நேராகத் தலைவர் வீட்டுக்குப் போய், கேட்டைத் தலையால் முட்டித் திறந்துகொண்டன. இரண்டு, டிரைவர் வீட்டு வாசலில் நின்று கத்தின. இரண்டு, பேக்கரியின் பின்பக்கம் போய் மறைந்தன.

"நீயுமாய்யா?" என்றார் தலைவர்.

"நீங்களுமா?" என்றார் டிரைவர். "மூணுதானே வெச்சிருக்கா, ரெண்டு இடம் காலியா இருக்கேன்னு..."

"நானும் அதே ரெண்டு இடத்தைத்தான் நினைச்சேன்" என்று முனகினார் பேக்கரிக்காரர்.

சாவிக்காரர் வயிறு குலுங்கச் சிரித்தார். "நல்ல சங்கம்யா! நல்ல தலைவர்! சரி, இன்னும் ரெண்டு போகுதே, அது எந்த உத்தமன் வீட்டுது?"

அந்த இரண்டும் தெருக்கோடி வரை ஓடின. அங்கே ஒரு வீட்டின் கதவு திறந்தது. தண்ணீர் வாளியோடு வெளியே வந்தாள் சாவிக்காரரின் மனைவி.

"வந்துட்டீங்களா கண்ணுங்களா!" என்றவள், கூட்டத்தைப் பார்த்ததும் வாளியைக் கீழே வைத்தாள்.

சாவிக்காரர் வேர்க்க விறுவிறுக்கப் போய் நின்றார்.

"ரெண்டும் சினை" என்றாள் அவள் மெதுவாக. "விக்க மனசு வரலை. உங்ககிட்ட சொன்னா விதி பேசுவீங்க."

வீட்டில் ஆட்டை வளர்ப்பது அவள். அவர் எண்ணுவதோடு சரி. எண்ணுவதற்கு முகம் பார்க்கத் தேவையில்லையே.

திரும்பி வந்தார். "ஏம்மா, முதல்ல வந்தவங்களுக்கு சரின்னு சொன்னே, அது சரி. அடுத்தவங்ககிட்ட இடமில்லைன்னு சொல்லியிருக்கலாமே?"

"அப்படிச் சொன்னா, ஏன்னு கேப்பாங்களேண்ணே. முதல்ல வந்தவங்களைக் காட்டிக் குடுத்த மாதிரி ஆயிடுமே."

"முதல்ல வந்தது யாரு?"

 அவள் பார்வை ஒரு கணம் தெருக்கோடிக்குப் போய் வந்தது.

மறுநாள் காலை நான்கு வீட்டு ஆடுகளும், வீட்டுக்கு ஏழாக, நிலத்தின் கேட் முன்னால் நின்றன.

"விதியைக் கொஞ்சம் மாத்திக்கலாமே சாவிக்காரரே" என்றார் தலைவர், அவர் காதருகே வந்து. "இப்ப உங்களுக்கும் சேர்த்துத்தானே சொல்றேன்."

சாவிக்காரர் தன் மனைவியைப் பார்த்தார். அவள் பக்கத்தில் நின்ற ஏழையும் பார்த்தார், இந்தத் தடவை ஒவ்வொன்றாக, முகம் பார்த்து. பிறகு பூட்டைத் திறந்து, தையல்காரம்மாவை முன்னால் வரச் சொல்லிவிட்டு, அவள் ஆடுகள் நுழைந்ததும் மறுபடி பூட்டினார்.

வெளியே நின்றவை இருபத்தெட்டு. உள்ளே மேய்ந்தவை மூன்று.