கேட்காத வீடு

மகளின் மடியில் துயில்மறை நூலைப் பார்த்ததும் அதன் காவலருக்குச் சுருக்கென்று கோபம் ஏறியது. செத்த பிறகும் இந்தப் பெண்ணுக்கு அடக்கம் வரவில்லை என்று நினைத்துக்கொண்டார்.

"கையை எடு. அது நினைச்சவங்க எல்லாம் தொடுற பொருள் இல்ல."

"எடுத்துட்டா எல்லாம் கலைஞ்சிடும்பா. உங்களுக்குத் தெரியாததா?"

"தெரியும்" என்றார், முகத்தைத் திருப்பிக்கொண்டு.

இறந்தவரை இருப்பவரின் உறக்கத்துக்குள் வரவழைக்கும் நூல் அது. அந்துப்பூச்சிச் சிறகுகளை அடுக்கித் தைத்த ஏடுகள். கண்ணை மூடிக்கொண்டு விரலால் தடவித்தான் ஓத முடியும். தலைமுறை தலைமுறையாக அந்த வீட்டார் அதைக் காத்து வந்தார்கள். அரண்மனையிலிருந்து பல்லக்கு வந்தபோதும் நூல் வாசலைத் தாண்டவில்லை.

மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு காவலர் ஓதும் அறையில் அந்த நூலை நெஞ்சின்மேல் வைத்துக்கொண்டு படுத்தார். பல வருடமாக நாவில் எடுக்காத மகளின் பெயரைச் சொன்னபடி கண்ணை மூடினார். அவ்வளவுதான் நினைவிருந்தது. இதோ, அதே ஓதும் அறையில் எதிரே உட்கார்ந்திருக்கிறாள். சன்னல் வழியே வெயில் அவர் முழங்கால்மேல் விழுந்திருந்தது. ஆனால் அந்த வெயிலில் சூடே இல்லை.

"இப்பவும் கழுத்து வரைக்கும் பொத்தான் போட்டிருக்கீங்களே, மூச்சு முட்டலியா?"

"முட்டல." அவர் உதட்டோரம் லேசாக அசைந்தது. "பிறந்ததும் அழறதை விட்டுட்டு மருத்துவச்சியைக் கேள்வி கேட்டவ நீ. மாறவே இல்ல, வாயாடி."

உறக்கத்துக்குள் வந்தவர் பதில் சொல்லலாம், கேள்வி கேட்கலாகாது என்பது துயில்மறையின் நான்காம் விதி. ஆனால் இவள் எந்த விதிக்கும் அடங்கியவள் அல்ல. வீட்டாருக்கு மட்டுமே ஓத வேண்டிய மறையை ஆற்றங்கரைத் தெருவுக்குத் தூக்கிக்கொண்டு போனாள். குழந்தையைப் பறிகொடுத்த மீன்காரி ஒருத்திக்காக, பாய் விரித்து, ஊரே பார்க்க ஓதினாள்.

அன்றைக்கே அவளை வெளியே அனுப்பினார். கூடத்துச் சுவரில் எரிந்துகொண்டிருந்த அவளுடைய பெயர் விளக்கையும் அணைத்தார். பிறந்த அன்று ஏற்றி, இறந்த அன்று அணைக்கிற விளக்கு அது. குடும்பத்தின் பெயரைவிட ஒரு மகள் பெரிதல்ல என்று எல்லோருக்கும் தெரிய வேண்டியிருந்தது.

பிறகு, அவள் குடியேறிய ஆற்றங்கரைத் தெருவில் விஷக்காய்ச்சல் பரவியது. வீடு வீடாகப் பூட்டுத் தொங்கியது. எதிர்வீட்டுத் தையல்காரர் அந்தப் பக்கம் போய்த் திரும்பி, எதையோ சொல்லத் தயங்கியபடி வாசலில் நின்றார். காவலர் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அந்த வீட்டு ஆண்கள் யாரிடமும் எதையும் கேட்பதில்லை. தையல்காரரின் முகத்தைப் பார்த்தார், மகள் போய்விட்டாள் என்று புரிந்துகொண்டார், கதவைச் சாத்தினார்.

"என் விளக்கை யாருப்பா அணைச்சது?" மகள் கேட்டாள். "நீங்களா, ஆள் விட்டா?"

"நான்தான். இதே கையால."

"அழுதீங்களா?"

"அழுதேன். குளியலறையில, சத்தம் வெளிய கேக்காம இருக்கத் தண்ணியைத் திறந்துவிட்டு."

சொன்ன பிறகுதான் திடுக்கிட்டார். மனைவிக்குக்கூடத் தெரியாத சங்கதி. அவருடைய அனுமதி இல்லாமலே பதில் வாயிலிருந்து இறங்கிவிட்டது.

மகளின் விரல்கள் ஏட்டைத் தடவிக்கொண்டே இருந்தன.

"இத்தனை வருஷம் கழிச்சு எதுக்குப்பா என் பேரைச் சொன்னீங்க?"

"உன்கிட்ட ஒண்ணு கேக்கணும்."

அந்த வீட்டில் ஓர் ஆண் வாயிலிருந்து அப்படி ஒரு பேச்சு வந்தது அதுதான் முதல் தடவை. காற்று இல்லாமலே சிறகு ஏடுகள் படபடத்தன.

"கேளுங்கப்பா."

ஒரே ஒரு கேள்விதான். 'நல்லா இருக்கியா?' தெருவில் போகிறவர்கூட யாரையும் கேட்கிற கேள்வி. அவர் வாயைத் திறந்தார். 'நல்லா' என்பது வரை வந்தது. அதற்குமேல் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது.

மறுபடி முயன்றார்.

"நீ நல்லா இருக்கணும்" என்றார். "இல்ல, இது இல்ல. நான் கேக்க நினைச்சது இது இல்ல."

"மெதுவாப்பா. அவசரமே இல்ல."

எவர் முன்னும் வளையாத முதுகு வளைந்தது. வேண்டுமென்றேதான் வளைத்தார். மகளுக்கு எதிரே தலை குனிந்துகொண்டு மறுபடி முயன்றார். கேள்வி வரவில்லை.

"பாரு என் லட்சணத்தை" என்றார் உடைந்த குரலில். "செத்துப்போன மகள்கிட்டகூட ஒரு வார்த்தை கேக்க முடியல. அவ்வளவு திமிர் எனக்கு."

மகள் ஒரு கையை நூலின்மேலேயே வைத்திருந்து, மறு கையை நீட்டி அவர் கையைப் பற்றினாள். அவள் கை கதகதவென்று இருந்தது.

"திமிர் இல்லப்பா, நாலாம் விதி. உயிரோட இருந்து ஓதுறது நான். வந்திருக்கிறது நீங்க."