போன ராஜ்ஜியத்து மனு

"வருஷம் தப்பு" என்றார் எழுத்தர் தோங்.

அவளுக்குப் புரியவில்லை.

கணவனை விடுவிக்கக் கேட்டு அவள் கொண்டுவந்த மனுவின் கடைசி வரியை அவர் நகத்தால் தொட்டுக் காட்டினார். சோங்ஜென் பதினேழாம் ஆண்டு என்று இருந்தது. சோங்ஜென் சக்கரவர்த்தி தலைநகரில் இறந்துவிட்டார். மிங் வம்சம் அவரோடு முடிந்தது. ஊருக்குச் செய்தி வந்து நான்கு நாள் ஆகிறது. இப்போது ஷுன் வம்சம். யோங்சாங் முதலாம் ஆண்டு.

"புதுசா எழுதிட்டு வா."

அவள் கணவன் கெங் மஞ்சள் ஆற்றில் படகு ஓட்டுகிறவன். குளிர்காலத்தில் ஒரு காலை பதினோரு பேர் ஈட்டிகளோடு வந்து அக்கரைக்கு விடச் சொன்னார்கள். விட்டான். கலகக்காரக் கொள்ளையருக்கு உதவினான் என்று மிங் அதிகாரி அவனைச் சிறையில் போட்டார்.

இப்போது அந்தக் கொள்ளையர்தான் அரசாங்கம். மதில்மேல் அவர்கள் கொடி. மிங் அதிகாரி குதிரையைக்கூட விட்டுவிட்டு ஓடிப்போனார்.

கெங் மட்டும் உள்ளேயே இருந்தான்.

தோங்கும் அதே மேசையில்தான் இருந்தார். தொப்பி மட்டும் புதிது.

அவள் திரும்பியபோது அவர் மறுபடி கூப்பிட்டார். குரலைத் தாழ்த்தினார்.

"'கொள்ளையர் மிரட்டியதால் ஏற்றினான்'னு எழுதியிருக்கே. யாரைக் கொள்ளையர்ங்கிறே? இதை உள்ளே கொண்டுபோனா உன் தலையும் போகும், என் தலையும் போகும். 'மாட்சிமை மிக்க படையை மனமுவந்து ஏற்றினான்'னு எழுதச் சொல்லு."

எழுதச் சொன்னாள். கடைத்தெரு மனு எழுதுகிறவன் இரண்டு முறை மை தொட்டு அந்த வரியை அழகாக எழுதினான். அவள் கட்டைவிரலை அழுத்தினாள்.

தோங் வாங்கி மனுக் கட்டுக்குள் வைத்தார்.

புது அதிகாரியின் முத்திரை தலைநகரிலிருந்து வரவேண்டும்.

வரவில்லை.

அவள் தினமும் போனாள். சோற்றுப் பானையைச் சிறை வாசலில் கொடுத்துவிட்டு, அங்கிருந்து அலுவலகத்துக்கு. நாற்பது நாள். நாற்பத்தோராம் நாள் புது அதிகாரியும் ஓடிப்போனார்.

மதில்மேல் வேறு கொடி ஏறியது. வடக்கிலிருந்து மஞ்சுக்கள் வந்திருந்தார்கள். ச்சிங் வம்சம். ஷுன்ஜி முதலாம் ஆண்டு.

ஒரே வருடத்தில் மூன்றாவது சக்கரவர்த்தி.

இந்த முறை ஆண்டை அவளே கேட்டுக்கொண்டு போனாள்.

தோங் மனுவைப் பார்க்கவே இல்லை. மனுக் கட்டை அவிழ்த்துப் பழைய தாளை உருவினார். அவர் முகம் வெளுத்திருந்தது.

"ஏம்மா, கொள்ளையரை ஒழிக்கத்தான் இவங்க வந்திருக்காங்க. இதிலே பாரு. 'மனமுவந்து ஏற்றினான்.' கீழே உன் ரேகை. வாரக் கடைசியிலே எல்லாக் கட்டையும் அதிகாரி பிரிச்சுப் பார்க்கப் போறார்."

"நீங்கதானேய்யா எழுதச் சொன்னீங்க!"

"நான் சொன்னது போன ராஜ்ஜியத்துக்கு."

அவள் அவரைப் பார்த்தாள். அவர் நிஜமாகவேதான் சொல்லியிருந்தார்.

மேசையைக் கவிழ்த்துவிடலாம் போலிருந்தது. அந்தத் தொப்பியைப் பிடுங்கி மிதிக்கலாம் போலிருந்தது.

தாளைப் பிடுங்கினாள்.

வாயில் திணித்தாள்.

மையின் கசப்பு. தாளின் மூங்கில் நார் பல்லில் சிக்கியது. தொண்டை அடைத்துக் கண்ணில் நீர் வந்தது. மென்றாள். விழுங்கினாள். மாட்சிமை மிக்க படை மொத்தமும் உள்ளே போனது.

தோங் வாசல் பக்கம் பார்த்தார். காவலர்கள் அந்தப் பக்கம் திரும்பி நின்றிருந்தார்கள். அவர் கட்டை மறுபடி கட்டினார். தன் தேநீர்க் கிண்ணத்தை அவள் பக்கம் நகர்த்தினார்.

"கொள்ளையர் மிரட்டியதால்னு எழுதிட்டு வா" என்றார். "வருஷம் மட்டும் சரியாப் போடு."

அதற்கும் முத்திரை விழ ஒரு வருடம் ஆனது. ஆனால் விழுந்தது.

ஷுன்ஜி இரண்டாம் ஆண்டுக் கோடையில், ஒரு நடுப்பகலில், சிறைக் கதவு திறந்தது. கெங் நிலைப்படி வரை வந்து நின்றான். பாதி ஆளாகியிருந்தான். முடி மட்டும் வளர்ந்து இடுப்பைத் தொட்டது.

வாசலில் முக்காலி போட்டு ஒரு நாவிதன். பக்கத்தில் வாளோடு இரண்டு மஞ்சு வீரர்கள். முன்தலையைச் சிரைத்துப் பின்னால் சடை போடாத ஆண் எவனும் அந்த வாசலைத் தாண்டக் கூடாது. உத்தரவு அந்த மாதம்தான் வந்திருந்தது. மறுத்தவர்கள் இருவரின் தலைகள் சந்தைக் கம்பத்தில் இருந்தன.

கெங் முக்காலியைப் பார்த்தான். வாளைப் பார்த்தான்.

"முடியைத் தொட விடமாட்டேன்" என்றான். "எங்கப்பாவும் எங்கம்மாவும் கொடுத்தது."

அவள் ஒன்றரை வருடமாக யாரிடமெல்லாம் கெஞ்சினாள் என்பது அவனுக்குத் தெரியாது. எதை விழுங்கினாள் என்பதும் தெரியாது.

ஒரு வீரன் வாளின் பிடியில் கை வைத்தான். நாவிதன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அவள் நாவிதனின் கையிலிருந்து கத்தியை எடுத்தாள். நிலைப்படி ஏறினாள். இடது கையால் கணவனின் உச்சி முடியைக் கொத்தாகப் பிடித்தாள்.

"குனி."

அவன் குனிவதற்காக அவள் காத்திருக்கவில்லை.