சுவரின் காது

"உள்ளே டாக்டர் பேசுறது உங்க காதுல கேட்குதுல்ல? சொல்லுங்க சார், எப்படி இருக்கார்?"

கேமராக்காரர் இல்லை என்பதுபோல் தலையை மட்டும் ஆட்டினார்.

"சொல்ல மாட்டீங்களா?"

கேமரா அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது.

மூன்று மணி நேரம் என்று சொன்ன இதய ஆபரேஷன், ஐந்து மணி நேரமாகியும் முடியவில்லை. உள்ளே கிடப்பவர் அவள் கணவர், லிஃப்ட் மெக்கானிக்.

ஒரு மாதமாக இந்தக் கேமராக்காரர் அவர்கள் இருவரையும் வைத்து ஆவணப்படம் எடுக்கிறார். "கேள்வி கேட்க மாட்டேன், பதிலும் சொல்ல மாட்டேன். நடக்கிறதை நடக்கிறபடி எடுப்பேன். என்னை ஒரு சுவர்னு நினைச்சுக்கோங்க" என்று முதல் நாளே சொல்லிவிட்டார். காதிலிருந்து அவர் ஹெட்போனைக் கழற்றி யாரும் பார்த்ததில்லை.

அன்றே கணவர் அவருக்கு வைத்த பெயர் 'சுவர்'. "சுவர் சாப்பிட்டுச்சான்னு கேளு" என்று கேலி செய்வார்.

ஆபரேஷன் அறைக்குள் கேமராவுக்கு அனுமதி இல்லை. அதனால் டாக்டரின் சட்டைக்குள் சின்ன மைக் ஒன்றை மாட்டி அனுப்பியிருந்தது சுவர். ஸ்ட்ரெச்சரில் போகும்போதுகூட கணவர், "சுவருக்கும் காது உண்டுன்னு சும்மாவா சொன்னாங்க!" என்று கண்ணடித்தார்.

இப்போது அந்தக் காதிடம்தான் அவள் கெஞ்சிக்கொண்டிருந்தாள்.

கதவு திறந்தது. நர்ஸ் ஒருத்தி வெளியே ஓடினாள். ரத்தப் பைகளோடு திரும்பி ஓடிவந்தாள். கதவு மூடிக்கொண்டது.

பக்கத்தில் உட்கார்ந்திருந்த அண்ணனின் கையைப் பிடித்தாள். "அண்ணா, ஏதோ ஆயிடுச்சு."

"சும்மா இரும்மா, ஒண்ணும் ஆகாது" என்றார் அண்ணன். சொல்லிக்கொண்டே அவரும் எழுந்துவிட்டார்.

அப்போதுதான் கவனித்தாள். சுவர் புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டது.

அவள் சுவருக்கு நேரே போய் நின்றாள்.

"போயிட்டாரா? எல்லாத்தையும் கேட்டுக்கிட்டு கல்லுளிமங்கன் மாதிரி நிக்கிறீங்களே! ஒரு வார்த்தை சொன்னா உங்க படம் கெட்டுடுமா? நீங்கல்லாம் மனுஷனா?"

இருபது நிமிடம் கழித்து டாக்டர் வந்தார்.

"நடுவுல ரத்தம் நிறைய போயிடுச்சு, நாங்களே பயந்துட்டோம். இப்ப நல்லா இருக்கார்மா. பிழைச்சுக்கிட்டார்."

அவள் அப்படியே தரையில் உட்கார்ந்து அழுதாள். அழுது ஓய்ந்ததும் கோபம் வந்தது. எழுந்துபோய் அந்த ஹெட்போனைப் பிடித்து இழுத்தாள்.

ஒயரும் கையோடு வந்துவிட்டது. அதன் மறுமுனை கேமராவில் செருகியிருக்கவில்லை. சட்டைப் பைக்குள் சும்மா கிடந்திருக்கிறது.

"கேமரா பாட்டுக்குப் பதிவு பண்ணிக்கும்மா." அந்த முதல் நாளுக்குப் பிறகு இப்போதுதான் சுவர் பேசியது. "உங்க வீட்டுச் சேதி உங்களுக்கு முன்னாடி எனக்குத் தெரியறது நியாயமில்ல. அதான், கதவை மூடினப்பவே ஒயரைக் கழட்டிட்டேன்."

"அப்ப ஏன் அழுதீங்க?"

"உள்ள என்ன ஆச்சுன்னு எனக்கும் தெரியலையேம்மா!"